ஊக்கத்தொகையும் ஊக்கமருந்தும்

1. சொல்லும் கேள்வியும்

‘ஊக்கமருந்து’ என்ற சொல்லைத் தமிழில் முதலில் புழக்கத்துக்குக் கொண்டுவந்தவர் யாரென்று தெரியாது. பத்திரிகை அவசரத்தில் பிறந்த சொல்லாக இருக்கலாம். ஊக்கம் நம்மிடம் நற்குணம். வள்ளுவர் அதற்கென ஓர் அதிகாரமே ஒதுக்கியிருக்கிறார். அந்தக் குணத்தின் பெயரைத்தான் தடைசெய்யப்பட்ட ஊசிக்கும் மாத்திரைக்கும் சூட்டியிருக்கிறோம். பதக்கம் வென்றவர்களுக்குத் தமிழக அரசு கொடுக்கும் பணத்தின் பெயர் ‘உயரிய ஊக்கத்தொகை’. ஒன்று குற்றம், மற்றொன்று பரிசு. இரண்டுக்கும் வேர்ச்சொல் ஒன்றே. இந்த உறவு சொல்லோடு நின்றுவிடுகிறதா என்பதே இக்கட்டுரையின் கேள்வி.

ஊக்கமருந்தைப் பற்றிய பேச்சு பெரும்பாலும் உச்சியில் இருப்பவர்களைப் பற்றியது. ஒலிம்பிக் வீரர், ஆசியப் பதக்கக்காரர், தேசிய முகாமில் இருப்பவர் ஆகியோரே செய்தியாகிறார்கள். ஒருவர் பிடிபட்டதும் நாடு தலைகுனிந்தது என்கிறோம், நான்கு நாளில் மறந்துவிடுகிறோம். பரிசோதனை உச்சியில் நடப்பதால் நோயும் உச்சியில்தான் இருக்கிறது என்று எண்ணிக்கொள்கிறோம். நான் இந்தக் கேள்வியைப் பருத்திப்பட்டிலிருந்து பார்க்க விரும்புகிறேன்.

ஆவடிக்கும் பூந்தமல்லிக்கும் இடையிலுள்ள இந்த ஊரின் ஏரிக்கரையில் காலையில் நடப்பவர்களும் உண்டு, ஓடுபவர்களும் உண்டு. நடப்பவர்களுக்குச் சர்க்கரை நோய், ஓடுபவர்களுக்கு வேலை. ஆவடி சீருடை ஊர். மத்திய ரிசர்வ் போலீஸ் படை, தமிழ்நாடு சிறப்புக் காவல் படை அணிகள், விமானப்படை நிலையம், கனரக வாகனத் தொழிற்சாலை எல்லாம் இங்கே இருக்கின்றன. சற்றுத் தொலைவில் ரயில் பெட்டித் தொழிற்சாலை. காவலர் தேர்வில் ஆண்கள் 1500 மீட்டரை 7 நிமிடத்துக்குள் ஓடவேண்டும். மாநிலப் பதக்கமும் சான்றிதழும் இருந்தால் விளையாட்டு ஒதுக்கீடு என்ற இன்னொரு கதவும் திறக்கும். இப்படிப்பட்ட ஊரில் ஓட்டம் பொழுதுபோக்கு அல்ல. குடும்பத்தில் முதல் அரசுச் சம்பளத்துக்கான வழி அது. இந்தக் கரையில் ஓடும் யாரும் ‘உச்ச நிலை வீரர்’ பட்டியலில் இல்லை. ஆனால் அந்தப் பட்டியலுக்குப் போகிறவர்கள் புறப்படுவது இது போன்ற கரைகளிலிருந்துதான்.

2. முப்பத்தைந்து நாள்

தமிழகத்தில் இத்துறையில் மிகவும் பேசப்பட்ட வழக்கு கோமதி மாரிமுத்துவுடையது. திருச்சி மாவட்டம் முடிகண்டத்தைச் சேர்ந்த அவர் 2019 ஏப்ரல் 22 அன்று தோஹாவில் நடந்த ஆசியத் தடகளப் போட்டியில் 800 மீட்டரை 2 நிமிடம் 2.70 விநாடியில் ஓடித் தங்கம் வென்றார். இரு காலிலும் வெவ்வேறு நிறக் காலணியுடன் அவர் ஓடிய படம் எல்லார் கைப்பேசிக்கும் வந்தது. வறுமை, தந்தையின் மரணம், பேருந்து வசதியில்லாத ஊர் என்று கதைகள் எழுதப்பட்டன. கட்சிகளும் நடிகர்களும் பணம் அறிவித்தார்கள். தமிழ்நாடு ஒரு வாரம் அவரைத் தோளில் தூக்கிவைத்திருந்தது.

ஒரு மாதத்திற்குள் எல்லாம் தலைகீழானது. நான்ட்ரோலோன் என்ற ஸ்டீராய்டு உடலில் சிதைந்து உண்டாகும் 19-நார்ஆண்ட்ரோஸ்டீரோன் அவரது சிறுநீர் மாதிரியில் இருந்தது. 2019 மே 17 முதல் 2023 மே 16 வரை நான்கு ஆண்டுத் தடை விதிக்கப்பட்டது. 2019 மார்ச் 18 தொடங்கி அவர் பெற்ற முடிவுகள் எல்லாம் ரத்தாயின. தோஹா தங்கம் இரண்டாவதாக வந்த சீனாவின் வாங் சுன்யூவுக்குப் போனது. தெரிந்து எதையும் எடுக்கவில்லை என்று கோமதி தொடர்ந்து சொல்லிவந்தார். சர்வதேசத் தடகள நேர்மைப் பிரிவு அவர் தந்த விளக்கங்களை ஏற்கவில்லை.

செய்திகளில் சரியாகப் பேசப்படாத ஒரு தேதி உண்டு. மார்ச் 18 என்பது பாட்டியாலாவில் நடந்த ஃபெடரேஷன் கோப்பையில் மாதிரி எடுக்கப்பட்ட நாள். தோஹா ஓட்டம் ஏப்ரல் 22. இடையே 35 நாள். முதல் மாதிரியின் முடிவு நேரத்தில் வந்திருந்தால் அவர் விமானம் ஏறியிருக்கவே மாட்டார் என்பது இந்தியத் தடகளக் கூட்டமைப்பின் வாதமாக இருந்தது. தேசிய ஊக்கமருந்துத் தடுப்பு முகமையான ‘நாடா’வை நோக்கி அவர்கள் விரல் நீட்டினார்கள். ஆனால் தாங்கள் தோஹாவுக்கு அனுப்பியவரின் உடலில் என்ன நடந்தது என்று கூட்டமைப்பைக் கேட்டவர் குறைவு. அதே ஆண்டு ஆகஸ்டில் டெல்லியிலுள்ள தேசிய ஆய்வகத்தின் அங்கீகாரத்தையே உலக ஊக்கமருந்துத் தடுப்பு முகமையான ‘வாடா’ நிறுத்திவைத்தது. 2021 டிசம்பரில்தான் அது திரும்பக் கிடைத்தது. இத்தனை நிறுவனங்களின் கதையில் தண்டனைக் காலம் என்று ஒன்றைக் கழித்தவர் ஒருவர் மட்டுமே.

இது தனி வழக்கு அல்ல. 2002 மான்செஸ்டர் காமன்வெல்த் போட்டியில் பளுதூக்கும் வீரர்கள் கிருஷ்ணன் மாடசாமியும் சதீஷா ராயும் பதக்கங்களை இழந்தார்கள். திருச்சிப் பகுதியின் இன்னொரு ஓட்டக்காரரான எஸ். தனலட்சுமி 2021-இல் 200 மீட்டரை 23.26 விநாடியில் ஓடி, பி.டி. உஷாவின் ஃபெடரேஷன் கோப்பைச் சாதனையைக் கடந்தவர். அடுத்த ஆண்டு பர்மிங்ஹாம் காமன்வெல்த் போட்டிக்குக் கிளம்பும் நேரத்தில் பரிசோதனையில் சிக்கி அணியிலிருந்து நீக்கப்பட்டார்.

3. மூன்று விளக்கங்கள்

இத்தகைய வழக்குகளுக்கு நம்மிடையே மூன்று விளக்கங்கள் உலவுகின்றன.

முதலாவது ஒழுக்க விளக்கம்: ஏமாற்றினார், தண்டனை பெற்றார். ‘முழுப் பொறுப்பு’ என்ற சர்வதேச விதியும் இதற்குத் துணை நிற்கிறது. உடலில் பொருள் இருந்தால் போதும். எப்படி வந்தது, யார் கொடுத்தார் என்பது தண்டனையின் அளவைப் பற்றிய கேள்வியே தவிர, குற்றத்தைப் பற்றியதல்ல. இந்த விதி கொடுமையானது என்று சொல்வது எளிது. எனக்கு அதில் உடன்பாடில்லை. ‘எனக்குத் தெரியாது’ என்ற பதிலை ஏற்கத் தொடங்கினால் ஒரு வழக்கும் நிற்காது. கிழக்கு ஜெர்மனியில் அரசே திட்டமிட்டுச் சிறுமிகளுக்கு ‘வைட்டமின்’ என்று சொல்லி ஸ்டீராய்டு கொடுத்தது. அந்தப் பெண்கள் உண்மையிலேயே அறியாதவர்கள். ஆனால் அவர்களிடம் தோற்ற மற்ற நாட்டுப் பெண்களின் இழப்பும் உண்மைதான். வாங் சுன்யூவை மனத்தில் வைத்துப் பார்த்தால் விதியின் நியாயம் புரியும்.

இரண்டாவது அறியாமை விளக்கம்: பாவம், கிராமத்துப் பிள்ளை, மாத்திரை அட்டையில் இருப்பதைப் படிக்கத் தெரியாது, கலப்படம் நடந்திருக்கும். சில வழக்குகளில் இது பொருந்தும். ஆனால் இதில் ஒரு மறைமுக இழிவு இருக்கிறது. பத்தாண்டுகள் விநாடியின் நூறில் ஒரு பங்கை எண்ணி உடலைப் பழக்கியவர் தன் உடலுக்குள் போவதை அறியாதவர் என்று முன்கூட்டியே முடிவு கட்டுவது பரிவு ஆகாது.

மூன்றாவது, முகாம் மீது பழி சொல்லும் விளக்கம். இதற்கு 2011 பெரிய சான்று. டெல்லி காமன்வெல்த்திலும் குவாங்சோ ஆசியப் போட்டியிலும் 2010-இல் தங்கம் வென்ற 4x400 மீட்டர் தொடரோட்ட அணியின் மந்தீப் கௌர், சினி ஜோஸ், அஸ்வினி அக்குஞ்சி மூவரும் அடுத்த ஆண்டு சிக்கினார்கள். பயிற்சியாளர் வாங்கித் தந்த ஜின்செங் மாத்திரையில் கலப்படம் இருந்தது என்பது அவர்கள் வாதம். இந்தியக் குழு ஓராண்டுத் தடை விதித்தது. சர்வதேச விளையாட்டு நடுவர் மன்றம் 2012-இல் அதை இரண்டாண்டாக்கியது. உக்ரைன் பயிற்சியாளர் யூரி ஓகோரோட்னிக் வேலையிழந்தார். சில ஆண்டுகளில் அவரே இந்திய முகாமுக்குத் திரும்பவும் அழைக்கப்பட்டார். அவர் குற்றவாளி என்று எந்த மன்றமும் சொல்லவில்லை என்பதையும் சேர்த்தே பதிவு செய்யவேண்டும். நான் கவனிப்பது வேறொன்றை: ஓட்டக்காரிக்குத் தடைக்காலம் என்பது ஓடும் வயதின் பாதி. பயிற்சியாளருக்கு அது ஓர் இடைவேளை.

மூன்று விளக்கங்களுக்கும் பொதுவான குறை ஒன்று உண்டு. மூன்றும் கதையைத் தேசிய முகாமின் வாசலில் தொடங்குகின்றன. அதற்கு முன்னால் பத்தாண்டு இருக்கிறது.

4. மருந்தே சாட்சி

இந்த முன்கதையைத் தேட ஒரு வழி, பிடிபட்ட பொருள்களின் பெயர்களைப் பார்ப்பது. இந்தியப் பட்டியல்களில் திரும்பத் திரும்ப வரும் பெயர்கள் நான்ட்ரோலோன், ஸ்டானோசோலால், மெட்டான்டியெனோன். மூன்றும் கிழட்டு மருந்துகள். மெட்டான்டியெனோன் 1958-இல் டயனபால் என்ற பெயரில் அமெரிக்காவில் விற்பனைக்கு வந்தது. ஸ்டானோசோலாலால்தான் 1988 சியோலில் பென் ஜான்சன் தங்கத்தை இழந்தார். நான்ட்ரோலோன் ரத்தசோகைக்கும் எலும்புத் தேய்வுக்கும் மருத்துவர்கள் எழுதித்தரும் ஊசி. நம் ஊர் மெடிக்கல் ஷாப்புகளுக்குப் புதிதல்ல. மருந்துச் சட்டப்படி சீட்டு இல்லாமல் விற்கக்கூடாது. அந்தச் ‘சட்டப்படி’ எத்தனை கடைகளில் செல்லுபடியாகிறது என்று வாசகர்களுக்கு நான் சொல்லவேண்டியதில்லை.

இந்த மருந்துகளுக்கு இன்னொரு இயல்பும் உண்டு. உடலில் நெடுநாள் தங்கும். எண்ணெயில் கரைத்த நான்ட்ரோலோன் ஊசியின் தடயம் பல மாதம் கழித்தும் தெரியக்கூடும். மெட்டான்டியெனோனின் நீண்டகாலச் சிதைபொருள்களைக் கண்டறியும் முறைகள் வந்தபின் அதையும் மறைக்க இயலாது. அறிவியல் துணையோடு ஏமாற்றுபவர் தொடமாட்டாத பொருள்கள் இவை. 2003-இல் அமெரிக்காவில் வெளிப்பட்ட பால்கோ ஊழலில், எந்தப் பரிசோதனையிலும் அகப்படாதபடி ஒரு ஸ்டீராய்டையே புதிதாக வடிவமைத்திருந்தார்கள். ரஷ்யாவில் சோச்சி குளிர்கால ஒலிம்பிக்கின்போது ஆய்வகச் சுவரில் துளையிட்டுச் சிறுநீர்ப் புட்டிகளை மாற்றினார்கள். அவர்களுக்குப் பின்னால் வேதியியலரும் உளவுத்துறையும் இருந்தார்கள். நம் வீரர்களுக்குப் பின்னால் யார் இருந்தார் என்பதை மருந்தின் பெயரே சொல்லிவிடுகிறது. ‘இதைப் போட்டா ரிக்கவரி நல்லா இருக்கும்’ என்று சொல்லத் தெரிந்த யாரோ ஒருவர், ஒரு கடை, ஒரு ஊசி.

இந்த வாதத்துக்கு வலுவான மறுப்பு ஒன்று இருப்பதை மறைக்கமாட்டேன். மலிவான மருந்து எடுத்தவரே பிடிபடுவார். நுட்பமாக எடுத்தவர் தப்பிப்பார். ஆகவே பட்டியலில் மலிவு மருந்து மிகுந்திருப்பது பயன்பாட்டின் படமாகாது, அகப்பட்டவர்களின் படம் மட்டுமே. சரியான மறுப்பு. சிவப்பணுக்களைப் பெருக்கும் எரித்ரோபாய்ட்டினும் இந்தியாவில் பிடிபட்டிருக்கிறது. அப்படியானால் நுட்பமும் இங்கே வந்துவிட்டது. ஆனாலும் மலிவு மருந்தின் தொடர்ச்சியான இருப்பு ஒன்றை உறுதி செய்கிறது: கற்றல் நடக்கும் இடம் உயர் ஆய்வகம் அல்ல.

எங்கே நடக்கிறது என்பதற்கு ஆவடி வட்டாரத்திலேயே ஒரு துயரமான தடயம் உண்டு. 2023-இல் ஆணழகன் போட்டிக்குத் தயாராகிவந்த இருபத்தைந்து வயது இளைஞர் ஒருவர் இறந்தார். ஸ்டீராய்டு ஊசிகளே காரணம் என்ற புகாரைக் காவல்துறை விசாரித்ததாக நாளேடுகள் எழுதின. அவர் எந்தத் தேசிய முகாமிலும் இருந்தவரல்ல. ஜிம் என்பது இன்று அம்பத்தூரிலும் ஆவடியிலும் தெருவுக்கு ஒன்று. வரவேற்பு மேசையிலேயே புரோட்டீன் டப்பாக்கள். அங்கே ‘சைக்கிள் போடுவது’ என்றால் மிதிவண்டி அல்ல, சில வாரக் கணக்கில் ஊசி எடுத்து நிறுத்துவது. ‘நேச்சுரல்’ என்று ஒருவரைச் சொன்னால் அது தனித்துச் சொல்லவேண்டிய அடையாளமாகிவிட்டது. இந்த மொழி கபடிக்காரர், பளுதூக்குபவர், காவலர் தேர்வுக்காரர் எல்லாருக்கும் பொதுவானது. அவர்கள் ஒரே ஜிம்மில்தான் இரும்பைத் தூக்குகிறார்கள்.

5. எண்கள் எதைச் சொல்கின்றன

‘வாடா’ வெளியிட்ட கணக்குப்படி 2023-இல் இந்தியாவில் எடுக்கப்பட்ட 5,606 மாதிரிகளில் 214-இல் தடைசெய்யப்பட்ட பொருள் இருந்தது, 3.8 சதவீதம். ஐயாயிரத்துக்கு மேல் மாதிரி எடுத்த நாடுகளில் இதுவே மிக உயர்ந்த விகிதம். 2024-இல் மாதிரிகள் 7,113, சிக்கியவை 260. விளையாட்டுவாரியாகத் தடகளம் முதலிடம், அடுத்து பளுதூக்குதலும் மல்யுத்தமும். சீனா 2023-இல் 28,000-க்கும் மேல் மாதிரி எடுத்தும் விகிதம் 0.2-ஐச் சுற்றியே இருந்தது.

இந்த எண்களை வைத்து இந்தியர் மற்றவரைவிட அதிகம் ஏமாற்றுகிறார் என்று சொல்லிவிட முடியாது. சந்தேகம் உள்ளவரைக் குறிவைத்துச் சோதித்தால் விகிதம் ஏறும். சோதனையின் தரம் கூடினாலும் ஏறும். ‘நாடா’ தரப்பு இதைத்தான் சொல்கிறது, அதில் நியாயம் உண்டு. குறைந்த விகிதம் தூய்மைக்குச் சான்று என்பதும் இல்லை.

எனக்கு முக்கியமாகப் படுவது வேறொரு எண். ‘வாடா’வின் புலனாய்வுப் பிரிவு 2024 ஜனவரியில் ‘ஆபரேஷன் ரெஃப்யூஜ்’ என்ற அறிக்கையை வெளியிட்டது. 2012 முதல் பதினெட்டு வயதுக்குட்பட்டவர்கள் சிக்கிய வழக்குகளை அது தொகுத்துப் பார்த்தது. ரஷ்யா முதலிடம், இந்தியா இரண்டாமிடம், சீனா மூன்றாமிடம். பதினைந்து பதினாறு வயதுப் பிள்ளையின் மாதிரியில் ஸ்டீராய்டு இருந்தால் அதை உச்ச நிலை வீரரின் பேராசை என்று விளக்க வழியில்லை. அந்த வயதில் எந்தப் பிள்ளையும் தானாக மெடிக்கல் ஷாப்புக்குப் போய் நான்ட்ரோலோன் கேட்பதில்லை.

2023 செப்டம்பரில் டெல்லி ஜவாஹர்லால் நேரு அரங்கில் மாநிலத் தடகளப் போட்டி நடந்தது. ‘நாடா’ அதிகாரிகள் வந்திருக்கிறார்கள் என்ற செய்தி பரவியதும், ஆண்கள் 100 மீட்டர் இறுதி ஓட்டத்தில் ஒருவர் மட்டுமே ஓடினார். மற்றவர்கள் மறைந்துவிட்டார்கள். அரங்கின் கழிவறையில் கிடந்த ஊசிகளின் காட்சி அதற்குச் சற்று முன்புதான் வெளியாகியிருந்தது. நகைச்சுவையாகப் பேசப்பட்ட நிகழ்வு. ஆனால் அது தேசியப் போட்டியோ ஆசியப் போட்டியோ அல்ல, ஒரு மாநில அளவிலான கூட்டம் என்பதைக் கவனிக்கவேண்டும். அதிகாரிகள் வராத மற்ற நாள்களில் எல்லாரும் ஓடியிருப்பார்கள், சான்றிதழ் வாங்கியிருப்பார்கள்.

6. சான்றிதழின் விலை

சொல்லாராய்ச்சிக்கு இங்கேதான் திரும்புகிறேன். தமிழக அரசு ஒலிம்பிக் தங்கத்துக்கு 3 கோடி, வெள்ளிக்கு 2 கோடி, வெண்கலத்துக்கு 1 கோடி ரூபாய் அறிவித்திருக்கிறது. அரசுப் பணியில் விளையாட்டு வீரர்களுக்கு 3 சதவீத ஒதுக்கீடு உண்டு. கோடிகளைப் பற்றி எனக்குக் கவலையில்லை; அவை தொடும் தூரத்தில் இருப்பவர் சிலரே, அவர்கள் மீது சோதனையும் இருக்கிறது. தங்கள் அன்றாட இருப்பிடத்தை முன்கூட்டியே தெரிவிக்கும் பட்டியலில் உள்ள வீரர், பன்னிரண்டு மாதத்தில் மூன்று முறை சோதனைக்கு அகப்படாவிட்டாலே தடை விதிக்கப்படும்.

கவலை கீழ்ப்படியைப் பற்றியது. ஒரு மாநிலப் பதக்கம், பல்கலைக்கழகங்களுக்கிடையிலான போட்டியில் ஓர் இடம், இவை கல்லூரியில் இலவச இடமாக, விடுதிச் சோறாக, ரயில்வேயிலோ காவல்துறையிலோ வருமானவரித்துறையிலோ வேலையாக மாறுகின்றன. வாழ்க்கையைத் திருப்பும் பரிசு இந்தப் படியில் இருக்கிறது. சோதனை மிக அரிதாக எட்டிப்பார்ப்பதும் இதே படியில்தான். பயிற்சியாளருக்கும் இதில் பங்குண்டு. தன்னிடம் படித்த எத்தனை பிள்ளைகள் ‘செட்டில்’ ஆனார்கள் என்பதே அவர் பெயர். மேலே போனபின் அந்தப் பிள்ளை பிடிபட்டால் அவர் பெயர் செய்தியில் வராது.

ஊக்கத்தொகையை நிறுத்தவேண்டும் என்பது என் வாதம் அல்ல. முடிகண்டத்திலிருந்து வரும் ஒரு பெண்ணுக்கு வேலை ஒதுக்கீடு இல்லையென்றால் ஓட்டமே இல்லை. வசதியுள்ள வீட்டுப் பிள்ளைகள் மட்டும் ஓடும் தடகளம் நமக்கு வேண்டாம். பரிசைக் கீழே வைத்துவிட்டுச் சோதனையை மேலே வைத்திருக்கிறோம் என்பதே நான் சுட்ட விரும்புவது.

7. சட்டம் யாரைத் தேடுகிறது

‘நாடா’ 2009-இல் இயங்கத் தொடங்கியது. அதற்குச் சட்ட அதிகாரம் தரும் தேசிய ஊக்கமருந்துத் தடுப்புச் சட்டம் 2022-இல் வந்தது. சோதனையிடவும் பறிமுதல் செய்யவும் அதில் வழி உண்டு. மருந்து கொடுத்தவருக்கும் கடத்தியவருக்கும் சர்வதேச விதிப்படி வாழ்நாள் தடை வரை விதிக்கலாம். சிறைத்தண்டனை இல்லை. இத்தாலி 2000-லும் ஜெர்மனி 2015-லும் இதைக் குற்றவியல் சட்டத்துக்குள் கொண்டுவந்தன. நம்மிடமும் அவ்வப்போது அந்தக் கோரிக்கை எழுகிறது.

எனக்கு அதில் தயக்கம் இருக்கிறது. இங்கே குற்றவியல் சட்டம் முதலில் யாரைப் பிடிக்கும் என்பதை ஊகிக்க முடியும்: கையில் ஊசியோடு நிற்கும் பத்தொன்பது வயதுக்காரரை. சீட்டில்லாமல் விற்கும் கடைக்கு ஏற்கெனவே சட்டம் இருக்கிறது, மருந்து ஆய்வாளர் இருக்கிறார். புதுச் சட்டத்தைவிடப் பயன்படக்கூடியது, சிக்கிய ஒவ்வொரு வழக்கிலும் பயிற்சியாளரையும் ஊசி வந்த வழியையும் கட்டாயமாக விசாரித்து அறிக்கை வெளியிடும் நடைமுறை. பதினெட்டு வயதுக்குட்பட்டவர் சிக்கும்போது அவருடன் இருந்தவர்களை விசாரிக்கவேண்டும் என்று சர்வதேச விதியே சொல்கிறது. அதைப் பத்தொன்பது, இருபது வயதுக்கும் நீட்டினால் யாருக்கும் நட்டமில்லை. ஒதுக்கீட்டு வேலைக்குச் சான்றிதழாக ஏற்கப்படும் போட்டி எதுவானாலும் அதில் சில மாதிரிகளாவது எடுத்திருக்கவேண்டும் என்று மாநில அரசு நிபந்தனை வைக்கலாம். சோதனைக்குச் செலவு ஆகும்தான். ஊக்கத்தொகை வரவுசெலவில் அதற்கும் ஒரு வரி இருக்கட்டும்.

தடை விதிக்கப்பட்டவர்களின் பட்டியலை ‘நாடா’ வெளியிடுகிறது. பெயர், விளையாட்டு, மாதிரியில் இருந்த பொருள், தடைக்காலம் என்று கட்டங்கள் இருக்கின்றன. பயிற்சியாளர் பெயருக்கு அதில் கட்டம் கிடையாது.